கெனெசாரி கானைத் தோற்கடித்தது எது?

கேள்வி இது: "19ஆம் நூற்றாண்டில் கெனெசாரி என்பவர் தலைமையில் கஜக் நாடோடிகள் ரஷ்யப் பேரரசை எதிர்த்துப் பத்து ஆண்டுகள் போரிட்டார்கள் என்று படித்தேன். 20,000 குதிரை வீரர்கள் இருந்தும், கண்ணுக்கெட்டிய தூரம்வரை புல்வெளி கைவசம் இருந்தும் ஏன் தோற்றார்கள்? கடைசியில் அவர் தலையை வெட்டியவர்கள் ரஷ்யர்கள் இல்லை, கிர்கிஸ் மக்கள் என்கிறார்களே, உண்மையா?"

இரண்டாவது கேள்விக்குச் சட்டென்று பதில் சொல்லிவிடலாம்: உண்மை. ஆனால் அந்த உண்மையை மட்டும் தனியே எடுத்துச் சொன்னால் அது பாதிப் பொய்யாகிவிடும். அது ஏன் என்று புரிய வேண்டுமானால் முதல் கேள்விக்குச் சற்று விரிவாகவே பதில் சொல்ல வேண்டும். பீரங்கி இருந்தவன் வென்றான், வில் வைத்திருந்தவன் தோற்றான் என்று இதைச் சுருக்கிவிடுவது எளிது. நான் அதை ஏற்கவில்லை. களத்தில் நேருக்கு நேர் நின்ற இடங்களில் கெனெசாரி பல முறை வென்றிருக்கிறார். அவர் கையைவிட்டுப் போனது வேறொன்று. அதைச் சொல்ல ஆடு மாடுகளிலிருந்து தொடங்க வேண்டும்.

கஜக் மேய்ப்பர்களின் ஆண்டுக்கு இரண்டு முனைகள் உண்டு. கோடையில் தங்கும் மேய்ச்சல் நிலத்துக்கு ஜைலாவ் என்று பெயர். குளிர்காலத்தில் ஒதுங்கும் இடம் கிஸ்தாவ். கோடைக்கு இடப் பஞ்சம் இல்லை. புல் எங்கும் முளைத்துக் கிடக்கும். குளிர்காலம் அப்படி இல்லை. காற்றை மறைக்கும் குன்றின் சரிவு, நாணல் அடர்ந்த ஆற்று வளைவு, பனி அதிகம் சேராத பள்ளத்தாக்கு என்று பொறுக்கி எடுத்த சில இடங்களில்தான் கால்நடைகள் பிழைக்கும். அங்கேயும் முதலில் குதிரைகளைத்தான் விடுவார்கள். குதிரை தன் குளம்பால் பனியைக் கிளறிக் காய்ந்த புல்லின் நுனியைத் தின்றுவிட்டு நகரும். அது கிளறிப்போட்ட இடத்தில் ஆடுகள் வந்து அடித்தூரை மேயும். ஆட்டின் குளம்புக்குத் தனியே அந்த வலு கிடையாது. நடுக்குளிரில் ஒரு நாள் வெயில் அடித்துப் பனி உருகி, மறுநாள் மீண்டும் உறைந்தால் புல்லின் மேல் கண்ணாடிபோல் பனிக்கட்டி மூடிவிடும். அதைக் குதிரையாலும் உடைக்க முடியாது. சில நாட்களில் மந்தை மொத்தமும் சாய்ந்துவிடும். அந்தப் பேரழிவுக்கு ஜுத் என்று பெயர். "செல்வந்தன் ஒரு ஜுத்துக்கு, வீரன் ஒரு தோட்டாவுக்கு" என்பது கஜக் பழமொழி. எவ்வளவு பெரிய செல்வமும் ஒரே ஒரு குளிர்காலத்தில் போய்விடும் என்று பொருள்.

ஆகவே குளிர்கால இடத்தைக் கைப்பற்றியவன் அந்த மக்களைக் கைப்பற்றியவன் ஆகிறான். ரஷ்ய அதிகாரிகளுக்கு இது மெதுவாகத்தான் புரிந்தது. ஆனால் புரிந்த பிறகு அவர்கள் அதை மறக்கவே இல்லை.

கோட்டைகள் கட்டுவது முன்பே தொடங்கிவிட்டது. இர்த்திஷ் ஆற்றங்கரையில் ஓம்ஸ்க் 1716இல் எழுந்தது, செமிபலாத்தின்ஸ்க் 1718இல், உஸ்த்-கமெனகோர்ஸ்க் 1720இல். மேற்கே ஓரன்பர்க் பிறகு வந்தது. 1731இல் இளைய ஜூஸின் அபுல்கைர் கான் ரஷ்ய அரசிக்கு விசுவாசப் பிரமாணம் செய்தார். (கஜக் மக்கள் மூத்த, நடு, இளைய என்று மூன்று ஜூஸ்களாக, அதாவது மூன்று பெருங்கூட்டங்களாகப் பிரிந்திருந்தனர்.) எதிரிகளான ஜுங்கார்களுக்கு எதிராகத் துணை தேடிக்கொண்டதாக அபுல்கைர் நினைத்தார். குடிமக்கள் கிடைத்ததாக ரஷ்யத் தலைநகரான பீட்டர்ஸ்பர்க் நினைத்தது. ஒரே தாளை இரு தரப்பும் இரண்டு விதமாகப் படித்தன. அடுத்த நூறு ஆண்டுகளின் பூசல்களில் பாதிக்கு அந்தத் தாளே வேர்.

இர்த்திஷ் கரையை ஒட்டிப் பத்து வெர்ஸ்ட் அகலத்துக்கு, ஏறக்குறைய 10 கிலோமீட்டருக்கு, ஒரு நீளமான பட்டையைக் கொசாக் படையினருக்கு, அதாவது எல்லை காக்கும் ரஷ்யக் குதிரைப்படையினருக்கு, ஒதுக்கினார்கள். 1765இல் வந்த ஏற்பாடு அது. நாணல் அடர்ந்த ஆற்றங்கரைதான் மிகச் சிறந்த கிஸ்தாவ் என்பதை நினைவில் கொண்டு இதைப் பாருங்கள். நேற்றுவரை தன் பாட்டன் மந்தையை ஒதுக்கிய இடத்தில் ஆடு மேய்க்க, இன்று கொசாக்கிடம் காசு கொடுத்து அனுமதி வாங்க வேண்டும். அங்கே இன்னும் ஒரு வேட்டுகூட வெடிக்கவில்லை.

அடுத்த அடி 1822இல் விழுந்தது. சைபீரியாவின் ஆளுநராக இருந்த ஸ்பெரான்ஸ்கி வகுத்த புதிய சட்டம் நடு ஜூஸில் கான் பதவியையே ஒழித்தது. இரண்டு ஆண்டுகளில் இளைய ஜூஸிலும் அதே கதி. புல்வெளியை மாவட்டங்களாகப் பிரித்தார்கள். 50 முதல் 70 கூடாரங்கள் சேர்ந்தது ஓர் அவுல், 10 முதல் 12 அவுல்கள் ஒரு வோலஸ்து, 15 முதல் 20 வோலஸ்துகள் ஒரு மாவட்டம். மாவட்டத்தின் தலைவர் அகா சுல்தான். மூன்று ஆண்டுகளுக்கு ஒரு முறை அவரைத் தேர்ந்தெடுப்பார்கள். அவருக்கு ரஷ்யப் படையின் மேஜர் தகுதி கிடைக்கும். வரி, நூறு கால்நடைக்கு ஒன்று. ஒரு மாவட்டத்துக்காரர் அனுமதி இல்லாமல் அடுத்த மாவட்டத்துக்குள் மந்தையை ஓட்டக் கூடாது.

மேசையின் மேல் விரித்த வரைபடத்தில் இது ஒழுங்காகத்தான் தெரிந்திருக்கும். வடக்கே கோடையும் தெற்கே குளிர்காலமுமாக நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் நடப்பதையே வாழ்க்கையாகக் கொண்டவர்களுக்கு அந்தக் கோடு, தன் வீட்டுக்கும் தன் வயலுக்கும் நடுவே யாரோ எழுப்பிய சுவர். கொக்ஷெத்தாவ், கர்க்கரலி மாவட்டங்கள் 1824இல் திறக்கப்பட்டன. 1832இல் எசில் ஆற்றங்கரையில் அக்மோலா வந்தது. ஒவ்வொரு மாவட்ட அலுவலகத்தோடும் ஒரு கொசாக் படைப்பிரிவும் வந்து இறங்கியது.

கெனெசாரி பிறந்தது 1802இல். பாட்டனார் அப்லாய் கான், நடு ஜூஸின் பெருந்தலைவர். ரஷ்யாவுக்கும் சீனாவின் சிங் பேரரசுக்கும் நடுவே நின்று, இருவருக்கும் இனிமையாகப் பேசி, இருவருக்கும் பிடி கொடுக்காமல் ஆண்டவர். கஜக் சமூகத்தில் செங்கிஸ் கான் வழிவந்தவர்களைத் தோரே என்பார்கள். "வெள்ளை எலும்பு" என்பது அந்தக் குலத்துக்குப் பட்டப்பெயர். கான் ஆகும் உரிமை அவர்களுக்கு மட்டுமே உண்டு. கான் பதவி ஒழிந்தபோது இந்தக் குடும்பத்துக்குத் தனிப்பட்ட இழப்பும் இருந்தது. இதைச் சொல்லாமல் விடுவது நேர்மை ஆகாது. கெனெசாரி போரிட்டது மக்களுக்காக மட்டும் என்று எழுதுகிறவர்களும் உண்டு, தன் பதவிக்காக மட்டும் என்று எழுதுகிறவர்களும் உண்டு. அவர் காலத்தில் அந்த இரண்டும் பிரிந்திருக்கவில்லை. மேய்ச்சல் நிலத்தைப் பங்கிட்டு, வழக்குத் தீர்த்து, எல்லை காக்கிற ஒருவர் வேண்டும். அவரைத்தான் மக்கள் கான் என்றார்கள்.

முதலில் எழுந்தவர் கெனெசாரியின் அண்ணன் சர்ஜான். 1820களின் நடுவிலிருந்து மாவட்ட அலுவலகங்களையும் அவற்றுக்குத் துணைபோனவர்களையும் தாக்கினார். ரஷ்யர்கள் துரத்தியபோது தெற்கே கொக்கந்த் அரசின் ஆதரவை நாடினார். கொக்கந்த் அப்போது தாஷ்கந்தையும் சிர் தரியா ஆற்றங்கரைக் கோட்டைகளையும் கையில் வைத்திருந்த முஸ்லிம் அரசு. அங்கே அவருக்குக் கிடைத்தது துரோகம். 1836இல் கொக்கந்தின் தாஷ்கந்து ஆளுநர் சர்ஜானைக் கொன்றார். சில ஆண்டுகளில் தந்தை காசிமும் அதே தரப்பின் கையில் இறந்தார். எனவே கெனெசாரி தலைமை ஏற்றபோது வடக்கில் ஒரு பேரரசு, தெற்கில் குடும்பத்தின் ரத்தம் படிந்த இன்னோர் அரசு. இரண்டுக்கும் நடுவே பத்து ஆண்டுகள் தாக்குப்பிடித்தார் என்பதே வியப்புக்குரியது.

1837இன் பிற்பகுதியில், தாஷ்கந்து செல்லும் வணிகக் கூட்டத்துக்குக் காவலாகப் போன கொசாக் பிரிவை அவர் தாக்கியதிலிருந்து போர் தொடங்கியதாகக் கொள்ளலாம். மறு ஆண்டு மே மாதத்தில் அக்மோலா. கோட்டைக்குள் இருந்தவர்களில் கொசாக்குகளும் உண்டு, அகா சுல்தான் கொனிர்குல்ஜாவின் ஆட்களும் உண்டு. கொனிர்குல்ஜாவும் ஒரு கஜக்தான், அவரும் தோரேதான். முற்றுகையிட்டவர்கள் தீ அம்புகளை எய்தார்கள். கட்டடங்கள் பற்றிக்கொண்டன. கோட்டை எரிந்தது. கொனிர்குல்ஜா தப்பிவிட்டார்.

அந்த நேரத்திலேயே கெனெசாரி கடிதமும் எழுதிக்கொண்டிருந்தார் என்பதைப் பலர் கவனிப்பதில்லை. ஜார் முதலாம் நிக்கொலாய்க்கு, ஓம்ஸ்கில் இருந்த மேற்கு சைபீரிய ஆளுநர் கொர்ச்சகோவுக்கு, ஓரன்பர்க் அதிகாரிகளுக்கு என்று. அவர் கேட்டது கோட்டைகளையும் மாவட்ட அலுவலகங்களையும் அகற்ற வேண்டும், அப்லாய் காலத்து நிலை திரும்ப வேண்டும், பிடித்துவைத்த ஆட்களை விட வேண்டும் என்பதே. ஒரு கடிதத்தில் பறிபோன இடங்களை ஒவ்வொன்றாகப் பெயர் சொல்லிப் பட்டியலிடுகிறார்: எசில், நூரா, அக்தாவ், ஒர்த்தாவ், கர்க்கரலி, குஷ்முருன், தொபோல்... எல்லாம் ஆறுகளும் ஏரிகளும் குன்றுகளும். நாடு என்றோ எல்லை என்றோ பொதுவாக எழுதாமல், தண்ணீரும் காற்று மறைப்பும் உள்ள இடங்களை விரல்விட்டு எண்ணுகிற கடிதம் அது. ஒரு மேய்ப்பன் எழுதினால் அப்படித்தான் எழுதுவான். அதைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு மனம் கனத்துப்போகிறது. கடிதம் கொண்டுபோன தூதர்களை ரஷ்யர்கள் பிடித்துவைத்துக்கொண்டார்கள்.

ஒரு காலம்வரை அவருக்கு உதவியது ரஷ்ய நிர்வாகத்தின் பிளவு. புல்வெளியின் கிழக்குப் பகுதி ஓம்ஸ்கின் பொறுப்பு, மேற்குப் பகுதி ஓரன்பர்க்கின் பொறுப்பு. ஓம்ஸ்கின் கொர்ச்சகோவ் தண்டனைப் படைகளை மட்டுமே நம்பியவர். ஓரன்பர்க்கின் பெரோவ்ஸ்கி பேச்சுக்கு இடம் கொடுத்தார். பெரோவ்ஸ்கிக்குக் காரணமும் இருந்தது. 1839 நவம்பரில் அவர் சுமார் 5,000 வீரர்களோடும் 10,000 ஒட்டகங்களோடும் கீவா அரசின் மேல் படையெடுத்துப் புறப்பட்டார். பாதி வழியிலேயே கடுங்குளிர் பிடித்துக்கொண்டது. ஆயிரத்துக்கு மேற்பட்ட வீரர்களும் பெரும்பாலான ஒட்டகங்களும் மடிந்தபின் கீவாவைக் கண்ணால்கூடப் பார்க்காமல் திரும்பினார். புல்வெளியின் குளிர்காலம் என்றால் என்னவென்று அந்தத் தளபதி தன் உடம்பாலேயே கற்றுக்கொண்டார். கஜக் மக்களைப் பகைத்துக்கொண்டு ஒட்டகம்கூடத் திரட்ட முடியாது என்பதும் அவருக்குத் தெரியும். அவர் இருந்தவரை கெனெசாரிக்கு மேற்கில் ஓரளவு மூச்சு விட இடம் இருந்தது.

அந்த இடைவெளியில்தான் அவர் தெற்கே திரும்பினார். 1841இல் தாஷ்கந்தை முற்றுகையிட்டார்; படைக்குள் நோய் பரவியதால் பின்வாங்க நேர்ந்தது. ஆனால் சோசாக், ஜானகோர்கான், அக்-மெச்சித் ஆகிய கொக்கந்த் கோட்டைகள் கைக்கு வந்தன. அதே ஆண்டு செப்டம்பரில் அவரைக் கானாகத் தேர்ந்தெடுத்தார்கள். வெள்ளைக் கம்பளத்தில் உட்காரவைத்து, அதன் ஓரங்களைப் பிடித்து மேலே தூக்குவது கஜக் மரபில் முடிசூட்டு. ரஷ்யச் சட்டம் 19 ஆண்டுகளுக்கு முன்பே ஒழித்துவிட்ட பதவி, புல்வெளியின் நடுவில் மறுபடியும் உயர்ந்தது. மூன்று ஜூஸ்களிலிருந்தும் ஆட்கள் அவரிடம் வந்து சேர்ந்தார்கள். முழு கஜக் நிலத்துக்கும் கான் என்று அந்த மக்கள் கடைசியாகச் சொல்வது அவர் பெயரைத்தான்.

அவர் நடத்தியது கலகக் கும்பலை என்று ரஷ்ய ஆவணங்கள் எழுதின. ஆனால் அங்கே ஓர் அரசு உருவாகிக்கொண்டிருந்தது. மேய்ப்பர்களிடம் ஜக்காத், உழவர்களிடம் உஷுர் என்று இரண்டு வரிகள். கானின் அவை ஒன்று. குலங்களுக்கு இடையே மந்தை கவர்ந்து பழிதீர்க்கும் பரிம்தா வழக்கத்துக்குத் தடை. வணிகக் கூட்டங்களைக் கொள்ளையடிக்காமல் சுங்கம் வாங்கிக்கொண்டு விடும் முறை. ரஷ்யத் தானியம் வராது என்பதால் உழவுக்கு ஊக்கம். படை ஆயிரங்களாகவும் நூறுகளாகவும் பிரிந்திருந்தது. ரஷ்யப் படையிலிருந்து ஓடிவந்தவர்களும் தாத்தார்களும் பஷ்கீர்களும் அவரிடம் இருந்தார்கள். ஆயுதம் செய்யத் தெரிந்தவர்களுக்கு அங்கே நல்ல மதிப்பு. தம்பி நவ்ரிஸ்பாய், அகிபாய் பாத்திர், இமான் பாத்திர் ஆகியோர் தளபதிகள். (பாத்திர் என்றால் மாவீரன்.) சகோதரி போப்பாய் தனக்கென்று ஒரு குதிரைப் பிரிவை நடத்தினார். இளக்காரமாகப் பேச இதில் எதுவும் இல்லை.

ஆனால் அந்த அரசின் கை கடுமையானது. ரஷ்யர்கள் பக்கம் நின்ற கஜக் அவுல்களை அவர் விட்டுவைக்கவில்லை. வரி கொடுக்க மறுத்தவர்களின் மந்தைகளை ஓட்டிக்கொண்டு போனார். துரோகத்துக்குத் தண்டனை மரணம். ஆட்கள் அவரிடம் வந்த அதே காலத்தில் வேறு சில குலங்கள் அவருக்கு அஞ்சிக் கோட்டைகளின் நிழலில் ஒண்டின. பேரரசுக்கு இதைவிட வசதி வேறு என்ன வேண்டும்?

1842இல் பெரோவ்ஸ்கி மாற்றலாகிப் போனார். அடுத்து வந்த ஒப்ருச்செவ், கொர்ச்சகோவின் வழியைப் பின்பற்றினார். 1843 கோடையில் பெரும்படை நடவடிக்கைக்கு ஜார் ஒப்புதல் தந்தார். கெனெசாரியின் தலைக்கு 3,000 ரூபிள் விலை வைத்தார்கள். பல பக்கங்களிலிருந்து படைகள் புறப்பட்டன. அவர் நழுவினார். கோடையில், கன்னிப் புல் நிறைந்த வெளியில், மாற்றுக் குதிரைகளோடு போகிற நாடோடிப் படையைப் பீரங்கி வண்டி இழுத்துக்கொண்டு வருகிறவர்கள் பிடிக்க முடியாது.

1844 ஜூலை 20 இரவு தொபோல் ஆற்றின் மேற்பகுதியில் நடந்தது அவருடைய மிகப் பெரிய வெற்றி. ரஷ்யர்களுக்காகப் போரிட்ட சுல்தான் அகமத் ஜந்தோரினின் முகாமை இருட்டில் சூழ்ந்துகொண்டார். கர்னல் துனிகோவ்ஸ்கியின் ரஷ்யப் படை அருகிலேயே இருந்தும் உதவிக்கு வரவில்லை. அந்த ஓர் இரவில் 44 சுல்தான்கள் மடிந்தார்கள். அத்தனை பேரும் கஜக், அத்தனை பேரும் செங்கிஸ் வழியினர், பலர் கெனெசாரிக்குத் தூரத்து உறவினர். ஆகஸ்டில் எகத்தரினின்ஸ்கயா என்ற கொசாக் குடியேற்றத்தைத் தாக்கிப் புறநகரை எரித்துக் கைதிகளைக் கொண்டுபோனார். ஓரன்பர்க் கலங்கிப்போனது. துனிகோவ்ஸ்கி பதவி இழந்தார்.

அடுத்த ஆண்டே நிலைமை தலைகீழானது. ஒப்ருச்செவ் துரத்துவதை விட்டுவிட்டுக் கட்டத் தொடங்கினார். 1845இல் துர்காய் ஆற்றின் மேல் ஒரு கோட்டை, இர்கிஸ் ஆற்றின் மேல் ஒரு கோட்டை. முதலாவதற்கு ஓரன்பர்க் அரண் என்றும் இரண்டாவதற்கு உரால் அரண் என்றும் பெயர். இந்த இரண்டு ஆறுகளைத்தான் அக்மோலாவை எரித்தபின் கெனெசாரி தன் மையமாகக் கொண்டிருந்தார். கோடையில் எங்கு வேண்டுமானாலும் பறந்து திரிந்துவிட்டுக் குளிர் தொடங்கியதும் அவருடைய கூடாரங்களும் மந்தைகளும் பெண்களும் குழந்தைகளும் ஒதுங்க வேண்டிய இடங்கள் அந்தக் கரைகள். அங்கே இப்போது பீரங்கியோடு சிலநூறு வீரர்கள் நிரந்தரமாக உட்கார்ந்துவிட்டார்கள். ஒரு போர்கூட நடக்கவில்லை.

நீங்கள் கேட்ட "20,000 குதிரை வீரர்கள்" என்ற எண்ணின் மறுபக்கம் இதுதான். வீரன் ஒவ்வொருவனுக்கும் இரண்டு மூன்று குதிரைகள், பின்னால் அவன் குடும்பம், குடும்பத்தின் ஆடுகள், ஒட்டகங்கள். அந்தப் படைக்குத் தனியாக உணவுக் கிடங்கு கிடையாது, மந்தைதான் கிடங்கு. படை பெரிதாகப் பெரிதாகக் குளிர்காலத்தில் அதற்கு வேண்டிய புல்லும் பெருகும். கோடையில் பலமாக இருந்த அதே எண்ணிக்கை டிசம்பரில் கழுத்தில் தொங்கும் கல்லானது.

அந்த ஆண்டு ஓரன்பர்க்கிலிருந்து தோல்கோவ், கேர்ன் என்ற இருவர் அவரிடம் தூது வந்தனர். சிறைபிடித்து வைத்திருந்த அவர் மனைவி குனிம்ஜானைத் திருப்பி அனுப்பிய ரஷ்யர்கள், ஜாரின் குடியாகக் குறித்த எல்லைக்குள் அடங்கி இருக்கச் சொன்னார்கள். நடுத்தர உயரம், மெலிந்த உடல், அறிவு மின்னும் குறுகிய கண்கள் என்று கேர்ன் அவரை வருணித்திருக்கிறார். கெனெசாரி கோட்டைகளை அகற்றச் சொன்னார். பேச்சு அதோடு முறிந்தது. இருக்க இடம் இல்லாமல் கான் கிழக்கே, ஏழு ஆறுகளின் நாடு என்று பெயர்பெற்ற ஜெத்திசுவை நோக்கிப் பெயர்ந்தார். அது மூத்த ஜூஸின் நிலம்.

அங்கும் பேரரசு முந்திக்கொண்டது. 1846இல் ஜெனரல் விஷ்னெவ்ஸ்கி படையோடு லெப்சி ஆற்றுக்கு வந்தார். மூத்த ஜூஸின் சுல்தான்களும் பெரியவர்களும் அங்கே கூடி ரஷ்யக் குடிமை ஏற்றார்கள். சிலர் கெனெசாரியோடு சேர்ந்தார்கள், பலர் ஒதுங்கினார்கள். அவர் மேலும் தெற்கே தள்ளப்பட்டுக் கிர்கிஸ் மலைகளின் அடிவாரத்தை அடைந்தார்.

இங்கேதான் எனக்கு இந்த வரலாற்றில் மிகவும் வலிக்கும் பகுதி வருகிறது. கிர்கிஸ் தலைவர்கள் தம்மைக் கானாக ஏற்று, கொக்கந்துக்கும் ரஷ்யாவுக்கும் எதிராகத் தம்மோடு சேர வேண்டும் என்றார் கெனெசாரி. அவர்கள் மறுத்தார்கள். அவர்களுக்கு ஓர்மான் என்ற கான் ஏற்கெனவே இருந்தார். இவர் யார் தங்களை ஆள என்று கேட்டார்கள். நியாயமான கேள்வி. கெனெசாரி படையோடு புகுந்தார். ஊர்கள் அழிந்தன, மந்தைகள் பறிபோயின, பெண்களும் குழந்தைகளும்கூடத் தப்பவில்லை என்று கிர்கிஸ் மக்கள் இன்றும் சொல்கிறார்கள். தன் பாட்டன் நிலத்தில் இன்னொருவன் வந்து உட்கார்ந்தான் என்று ஆறு ஆறாகப் பெயர் சொல்லிக் கடிதம் எழுதிய மனிதர், பத்து ஆண்டுகள் கழித்து இன்னொரு மக்களின் பாட்டன் நிலத்தில் அதையே செய்தார். அவரை அங்கே துரத்தியது ரஷ்யக் கோட்டைகள்தான். ஆனால் வாளை ஓங்கியது அவர் கை. கிர்கிஸ் மக்களைத் துரோகிகள் என்று எழுதுகிறவர்களோடு என்னால் உடன்பட முடியாது. தங்கள் மலையைத்தான் அவர்கள் காத்தார்கள்.

1847 வசந்தத்தில், இன்றைய தொக்மோக் நகரத்துக்கு அருகே கெக்லிக்-செங்கிர் என்ற குன்றுப் பகுதியில் முடிவு வந்தது. ஒரு பக்கம் மலை, ஒரு பக்கம் சதுப்பான ஓடை, சுற்றிலும் கிர்கிஸ் படை. இரவில் குன்றுகளின் மேல் ஓர்மான் நிறையத் தீ மூட்டித் தன் படையைப் பல மடங்காகக் காட்டினார் என்பது மரபு. சுல்தான் ருஸ்தெமும் சிபதாய் பாத்திரும் தங்கள் ஆட்களோடு இருட்டில் கெனெசாரியைக் கைவிட்டுப் போனார்கள். நல்ல குதிரைகளில் ஒரு சிலராவது வளையத்தை உடைத்துக்கொண்டு போய்விடலாம் என்று அகிபாய் சொன்னதாகவும், மற்றவர்களை விட்டு வரமாட்டேன் என்று கான் மறுத்ததாகவும் பாடல்கள் சொல்கின்றன. அகிபாய் உடைத்துக்கொண்டு வெளியேறினார். கெனெசாரியும் நவ்ரிஸ்பாயும் பிடிபட்டுக் கொல்லப்பட்டார்கள்.

வெட்டிய தலை ஓம்ஸ்குக்கு, கொர்ச்சகோவிடம் போனது. கிர்கிஸ் தலைவர்களுக்குப் பதக்கங்களும் விலை உயர்ந்த அங்கிகளும் வந்தன. அந்தப் பதக்கங்கள்தான் உங்கள் இரண்டாவது கேள்விக்கு முழுப் பதில். வெட்டியது கிர்கிஸ் வாள். அதற்கு வெகுமதி கொடுத்தது ஓம்ஸ்க்.

வெகுமதி பெற்றவர்களும் நெடுநாள் தனித்து நிற்கவில்லை. 1853இல் பெரோவ்ஸ்கி, மீண்டும் ஓரன்பர்க்குக்கு வந்தவர், அக்-மெச்சித்தைப் பிடித்தார். 1854இல் வெர்னி கோட்டை எழுந்தது. அதுதான் இன்றைய அல்மாட்டி. 1865இல் தாஷ்கந்து விழுந்தது. கிர்கிஸ் மலைகளும் ஒன்றன்பின் ஒன்றாகப் பேரரசுக்குள் வந்தன. கெனெசாரியின் மகன் சதிக், பாட்டனையும் பெரியப்பாவையும் கொன்ற கொக்கந்தின் பழைய பகையையும் மறந்து, ரஷ்யர்களுக்கு எதிராக அதே கொக்கந்தின் பக்கம் நின்று போரிட்டார். அது சரிந்தபின் காஷ்கர்வரை போனார். இமான் பாத்திரின் பேரன் அமங்கெல்தி, 1916இல் முதல் உலகப் போரின் கட்டாய வேலைக்கு ஆள் பிடிக்க வந்த ஜாரின் ஆணையை எதிர்த்துத் துர்காய் நகரத்தை முற்றுகையிட்டார். ஒப்ருச்செவ் கட்டிய அந்த ஓரன்பர்க் அரண்தான் வளர்ந்து துர்காய் நகரம் ஆகியிருந்தது.

சோவியத் காலத்தில் கெனெசாரியைப் பற்றி எழுதுவதே ஆபத்தானது. எர்முகான் பெக்மகானோவ் என்ற கஜக் வரலாற்றாசிரியர் 1947இல் வெளியிட்ட நூலில் இதைத் தேசிய விடுதலை இயக்கம் என்று எழுதினார். 1950 டிசம்பரில் சோவியத் கம்யூனிஸ்ட் கட்சியின் நாளிதழ் 'பிராவ்தா' அவரைத் தாக்கியது. 1951இல் கைது, 1952இல் 25 ஆண்டுச் சிறைத் தண்டனை. ஸ்டாலின் இறந்தபின் 1954இல்தான் வெளியே வந்தார். நூறாண்டுக்கு முன் இறந்த ஒரு மனிதரைப் பற்றிய ஆய்வுக்கு 25 ஆண்டு!

கெனெசாரி எரித்த அக்மோலா பின்னால் பெரிய நகரம் ஆனது; இன்று அது அஸ்தானா, கஜகஸ்தானின் தலைநகரம். எசில் ஆற்றங்கரையில் குதிரைமேல் அமர்ந்த கெனெசாரியின் சிலையை 2001இல் அங்கே நிறுவினார்கள். ஓம்ஸ்குக்குப் போன தலையை ரஷ்யாவின் அருங்காட்சியகங்களிலும் ஆவணக் காப்பகங்களிலும் கஜக் ஆய்வாளர்கள் பல ஆண்டுகளாகத் தேடுகிறார்கள். இன்னும் கிடைக்கவில்லை.